கம்பெனி வேனும் வியன்னா சோபாவும்

சென்னை விமான நிலையத்தில் என் பையைத் திறந்த அதிகாரி, "இவ்வளவு காப்பித்தூள் யாருக்கும்மா?" என்று கேட்டார். "பேச்சு நின்றுபோன ஒரு பெண்ணின் வீட்டுக்கு" என்றேன். பையை மூடிக் கையில் கொடுத்துவிட்டார்.

நான் மலேசியாவில், ஈப்போவில், மனநல வார்டில் நர்ஸ். என் சித்தி மகள் சரோஜா நாட்றம்பள்ளிப் பக்கம் ஒரு கிராமத்தில் இருக்கிறாள். அவள் மகள் பவித்ரா ஆம்பூரில் ஒரு ஷூ கம்பெனியில் தையல் மெஷின் ஓட்டுகிறாள். ஆடி மாதத்தில் ஒரு நாள் காலையில் எழுந்தபோது அவளுக்குக் குரல் இல்லை. புரட்டாசி வந்தும் திரும்பவில்லை. வருகிற வெள்ளிக்கிழமை சாயங்காலம் பூசாரியிடம் கூட்டிப்போகிறோம், நாக்கில் சூடம் ஏற்றினால் அடைத்திருப்பது இறங்கிவிடும் என்கிறார், நீ என்ன சொல்கிறாய் அக்கா என்று சரோஜா போனில் கேட்டாள். நான் சொன்ன பதிலை அச்சில் போட முடியாது. லீவு போட்டுவிட்டுக் கிளம்பினேன்.

திங்கட்கிழமை ரயில். காட்பாடியில் இறங்கி பஸ் பிடிக்கச் சொல்லியிருந்தாள் சரோஜா. அதைத் தவறவிடக்கூடாது என்ற பயத்தில் அரக்கோணத்திலிருந்தே கதவோரம் நின்றேன். அப்படி நின்றும், ஏதோ ஒரு ஸ்டேஷனில் வண்டி நின்றதும் காட்பாடி என்று நினைத்துப் பெட்டியோடு குதித்துவிட்டேன். அது வாலாஜா. ரயில் போய்விட்டது. பிளாட்பாரத்தில் பூ விற்ற அம்மா, "இன்னாம்மா அவசரம், போர்டைப் பாத்துட்டு எறங்கக் கூடாதா?" என்றாள். பஸ் பிடித்து, பெட்டியை மடியில் வைத்துக்கொண்டு, மூன்று பஸ் மாறி ஊர் போய்ச் சேர்ந்தேன். எங்கள் ஊரில் ரயிலுக்குள்ளேயே அடுத்த ஸ்டேஷன் பெயரைச் சொல்வார்கள். இங்கே நாம்தான் பக்கத்துச் சீட்டில் கேட்க வேண்டும். கேட்காதது என் கொழுப்பு.

பஸ்ஸில் வெளியே பார்க்கவே தோன்றவில்லை. மனதில் வியன்னாதான் ஓடிக்கொண்டிருந்தது. காரணம் இருக்கிறது. இரண்டு வருடமாக, சனி ஞாயிறுகளில் கோலாலம்பூருக்குப் போய் உளப்பகுப்பாய்வு, அதாவது நோயாளியைப் பேசவிட்டே மனதைக் குணப்படுத்துகிற வைத்தியம், அதைச் சொல்லித்தரும் வகுப்பில் உட்கார்ந்துகொண்டிருக்கிறேன். வகுப்பில் மற்றவர்கள் எல்லாம் டாக்டர்கள். நான் மட்டும் நர்ஸ். டீ எடுத்துவரச் சொல்லிவிடுவார்களோ என்ற பயத்தில் முதல் வரிசையில் உட்காருவேன்.

வியன்னாவில் அந்த வைத்தியம் ஆரம்பித்ததே பவித்ரா மாதிரிப் பெண்களிடமிருந்துதான். கை விளங்காத பெண்கள், கண் தெரியாத பெண்கள், பேச்சு நின்ற பெண்கள். உடம்பில் பார்த்தால் ஒன்றும் இருக்காது. பாரிஸில் ஒரு பெரிய டாக்டர் அவர்களை மேடையில் ஏற்றி, மயக்க நிலைக்குக் கொண்டுபோய், கூட்டத்துக்கு வேடிக்கை காட்டினார். அதைப் பார்க்கப் போயிருந்தவர்களில் வியன்னாக்காரர் ஒருவர். ஊர் திரும்பியதும் மேடையை விட்டுவிட்டார். தன் அறையில் ஒரு சோபாவைப் போட்டுப் படுக்கச் சொன்னார். ஆனாலும் ஆரம்பத்தில் அவருக்கு வாய் அதிகம். நெற்றியில் கை வைத்து அழுத்தி, இது எப்போது வந்தது, அது ஏன் வந்தது என்று துளைத்துக்கொண்டே இருப்பார். ஒரு பெண் எரிச்சல்பட்டு, கேள்வி கேட்பதை நிறுத்து, நான் சொல்ல வந்ததைச் சொல்ல விடு என்று சொல்லிவிட்டாள். அவர் வாயை மூடிக்கொண்டார். பிறகு சோபாவின் தலைமாட்டில், கண்ணில் படாத இடத்தில் நாற்காலியைப் போட்டுக்கொண்டார். மனதில் வருவதையெல்லாம் விடாமல் சொல்ல வேண்டும் என்பதே விதியானது. உலகம் முழுக்கப் பரவிய முறை அது. ஒரு நோயாளி கொடுத்த திட்டில் பாதி பிறந்தது.

பவித்ரா வாசலில் நின்றிருந்தாள். போன முறை வந்தபோது காது கிழியப் பேசியவள். கையைப் பிடித்தாள், சிரித்தாள், உதடு அசைந்தது. காற்று மட்டும் வந்தது. போனில் எழுதிக் காட்டு என்றேன். "ஒண்ணும் இல்ல பெரியம்மா" என்று எழுதினாள். மறுபடி கேட்டேன். அதையே திரும்பக் காட்டினாள்.

அவள் அப்பா முருகேசன் கெட்ட மனிதர் அல்ல. பயந்த மனிதர். "எனக்கு மட்டும் ஆசையா அண்ணி? குலதெய்வத்துக்கு செய்ய வேண்டியதச் செய்யல, அதான் சாமி வாயக் கட்டிடுச்சின்றாங்க. இப்டியே இருந்து வேலைய விட்டு நிறுத்திட்டா இன்னா பண்றது?" என்றார். வெள்ளிக்கிழமை வரை எனக்கு விடுங்கள் என்றேன்.

செவ்வாய்க்கிழமை வேலூர். பெரிய ஆஸ்பத்திரியைச் சுற்றி இருக்கும் தெருக்களில் பாதிக் கடைகளில் வங்காளத்தில் போர்டு. வராந்தாவில் எங்கள் பக்கத்தில் கொல்கத்தாவிலிருந்து வந்த ஒரு குடும்பம். அந்த அம்மா பவித்ராவைப் பார்த்துவிட்டு என்னிடம் உடைந்த ஆங்கிலத்தில், இந்தப் பெண் யாரிடமாவது கோபமாக இருக்கிறாளா என்று கேட்டாள். எனக்குச் சட்டென்று வகுப்பு ஞாபகம் வந்தது. நூறு வருஷத்துக்கு முன்பே கொல்கத்தாவில் ஒரு டாக்டர் தானாக இதையெல்லாம் யோசித்து எழுதி, வியன்னாவுக்குக் கடிதம் போட்டு, இந்தியாவில் முதல் சங்கத்தைத் தொடங்கியிருக்கிறார். அது அதிகம் பரவாமல் படித்த வீடுகளோடு நின்றுபோனது. இன்று சோபா கூட வேண்டாம், போன் திரையிலேயே நடக்கிறது. அதற்கும் பேசத் தெரிந்த வாய் வேண்டும்.

தொண்டை டாக்டர் சின்ன வயதுக்காரி. பொறுமையாகக் குழாய் விட்டுப் பார்த்தாள். "இருமு பாப்பா" என்றாள். பவித்ரா இருமினாள். நல்ல கணீரென்ற இருமல். "கேட்டீங்களா? இருமலுக்கு சத்தம் வருது, பேச்சுக்கு வரல. தொண்டை நல்லா இருக்கு. மனநல டிபார்ட்மென்ட்ல காட்டுங்க." அங்கே அடுத்த வாரம்தான் முறை கிடைத்தது. அதற்குள் வெள்ளிக்கிழமை வந்து போய்விடும்.

அந்த இருமல் சொல்வது என்ன என்று எனக்குத் தெரியும். குரல் போகவில்லை. எங்கேயோ நிறுத்தி வைத்திருக்கிறாள். வியன்னாக்காரரிடம் ஒரு பதினெட்டு வயதுப் பெண் இப்படித்தான் குரல் போய் வந்தாள். அப்பாவின் சினேகிதன் தொந்தரவு கொடுத்ததைச் சொன்னாள். அவர் நம்பினார். ஆனால் உனக்கும் உள்ளுக்குள் ஆசை இருந்தது என்று அவளுக்கே விளக்கம் சொன்னார். அவள் கொஞ்ச நாளில் எழுந்து போய்விட்டாள். அதற்கு முன்னால் வந்த பல பெண்கள், சின்ன வயதில் வீட்டு ஆண்கள் செய்ததைச் சொன்னார்கள். முதலில் நடந்ததுதான் என்று எழுதினார். சில வருஷத்தில் பின்வாங்கி, பெரும்பாலும் கற்பனை என்றார். பல வருஷம் கழித்து ஹங்கேரிக்காரச் சீடர் ஒருவர், இல்லை, அவர்கள் சொல்வது நிஜம் என்று எழுந்து சொன்னபோது, அதை வெளியிடாதே என்று ஆசானே தடுத்தார். இந்தப் பாடம் நடந்த அன்று நான் வகுப்பில் கத்தினேன். எங்கள் ஆசிரியர், உங்கள் கோபம் யார் மீது என்று யோசியுங்கள் என்றார். அந்த வியன்னாக்காரர் மீதுதான் என்றேன்.

புதன்கிழமை கம்பெனி வேனில் பவித்ராவோடு நானும் ஏறினேன். டிரைவர் குமாரிடம் சரோஜா சொல்லி வைத்திருந்தாள், அக்காவுக்கு ஆம்பூர் பார்க்க வேண்டுமாம் என்று. விடிவதற்கு முன்னாலேயே ஊர் ஊராக நின்று பெண்களை ஏற்றிக்கொண்டு வேன் போகிறது. சீட்டெல்லாம் நிறைந்துவிட்டது. டிரைவர் பக்கத்தில் எஞ்சின் பெட்டி மேல் ரெக்ஸின் மெத்தை போட்டிருந்தது. சும்மா கிடக்கிறதே என்று அதில் உட்காரப் போனேன்.

"அங்க உக்காராதீங்கம்மா" என்று பின்னாலிருந்து குரல் வந்தது. மேரி அக்கா. வேனிலேயே மூத்தவள், இருபது வருஷமாக இதே லைனில் இருப்பவள். "சூடு ஏறும்" என்றாள். நகர்ந்து எனக்குத் தன் சீட்டில் பாதி கொடுத்தாள்.

முன் சீட்டில் கலா என்று ஒருத்தி, பேச்சுக்காரி. "நம்ம சூப்பர்வைசர் இன்னா சொல்றான் தெரியுமா? எல்லாரும் பவி மாதிரி இருந்தா டார்கெட் மதியானமே முடிஞ்சிடுமாம்." யாரும் சிரிக்கவில்லை. எல்லோரும் ஒரே நேரத்தில் ஜன்னலுக்கு வெளியே பார்த்தார்கள். வெளியே ஒன்றும் இல்லை, இருட்டு. நான் அதைக் கவனித்திருக்க வேண்டும்.

பகல் முழுக்க ஆம்பூரில் அலைந்தேன். தோல் வாசனை முதலில் மூக்கை அடிக்கும், அப்புறம் பழகிவிடும். பாலாற்றில் மணல்தான் ஓடுகிறது. எங்கள் ஈப்போவின் கிந்தா ஆற்றில் தண்ணீராவது இருக்கும். பிரியாணிக் கடையில் காலையிலேயே கூட்டம். கடைக்காரர், "மலேசியாவா? பாய், அம்மாக்குக் கத்திரிக்கா ஜாஸ்தி வை" என்று உள்ளே கத்தினார். அந்தப் புளிப்பான எண்ணெய்க் கத்தரிக்காயும் சீரகசம்பா பிரியாணியும் வேறு எங்கும் கிடைக்காது. பாதியில் வைத்துவிட்டேன். "இன்னாம்மா, நல்லால்லையா?" என்று அவர் முகம் வாடியது. நல்லா இருக்கு, எனக்குத்தான் சரியில்லை என்றேன்.

சாயங்காலம் திரும்பும்போது வேனில் பாட்டு அலறியது. ஒருத்தி தூங்க, ஒருத்தி பூ கட்ட, ஒருத்தி போனில் குழந்தையைத் திட்ட, சத்தமான சத்தம். வாணியம்பாடி போய் டோல்கேட்டைத் தாண்டியதும் குமார் பாட்டை நிறுத்தினான். கலா எழுந்து போய் எஞ்சின் பெட்டி மேல் உட்கார்ந்தாள். முகம் ரோட்டைப் பார்த்து, முதுகு எங்களைப் பார்த்து.

பேச ஆரம்பித்தாள். மாமியார் செத்த அன்றைக்குத் தனக்கு அழுகை வரவில்லை என்றாள். எல்லோரும் மார்பில் அடித்துக்கொண்டபோது தனக்குப் பசித்தது என்றாள். பின்பக்கம் போய் நின்று இரண்டு பரோட்டா தின்றாளாம். அந்தப் பரோட்டா இன்னும் நாக்கில் இருக்கிறது, இப்போது பரோட்டாக் கடையைப் பார்த்தால் அழுகை வருகிறது என்றாள். யாரும் ஒரு வார்த்தை பேசவில்லை, உச்சுக்கொட்டவில்லை. அவள் ஊர் வந்தது. "அவ்ளோதான்" என்றாள். குமார் பாட்டைப் போட்டான். அவள் இறங்கிப் போய்விட்டாள்.

முகம் பார்க்காத பேச்சு, பதில் சொல்லாத காது, குறித்த நேரம், குறித்த முடிவு. வியன்னாவில் ஒரு மனிதர் பத்து வருஷம் தடுமாறிக் கண்டுபிடித்ததை இவர்கள் ஒரு மினி பஸ்ஸில் வைத்திருக்கிறார்கள். பவித்ராவை அந்தப் பெட்டி மேல் உட்கார வைத்தால் போதும், திறந்துகொள்ளும் என்று முடிவு கட்டினேன். அன்றைக்குத்தான் ஊருக்கு வந்த பிறகு முதல் தடவையாக நன்றாகச் சாப்பிட்டேன்.

வியாழக்கிழமை காலை. கம்பெனி வாசலில் ஷிப்டுக்கு முன்னால் டீக்கடையில் மேரி அக்காவைப் பிடித்தேன். பவித்ரா உள்ளே போய்விட்டாள். பவியை இன்றைக்கு அங்கே உட்கார வையுங்கள் என்றேன்.

மேரி அக்கா டீயை ஆற்றிக்கொண்டே இருந்தாள். "உக்காந்துட்டாம்மா" என்றாள்.

"எப்போ?"

"ஆடி மாசம். அந்த சூப்பர்வைசர் சாம்பிள் ரூமுக்குக் கூப்ட்டு இன்னா பண்ணான், எப்டி பண்ணான், எல்லாத்தையும் சொன்னா. ஊரு வர்ற வரைக்கும் சொன்னா. அவ்ளோதான்னு சொல்லிட்டு எறங்கிப் போனா. மறுநாள் வர்றா, கொரல் இல்ல."

"நீங்க எல்லாரும் கேட்டீங்களா?"

"கேட்டோம்."

"என்ன செஞ்சீங்க?"

"இன்னா செய்றது? வேன்ல சொன்னது வேனோட. அவ்ளோதான்னு சொல்லிட்டா அதோட முடிஞ்சிச்சி. அதத் தூக்கிட்டுப் போய் வெளிய பேசக் கூடாது. அவகிட்டயே கூடத் திருப்பிப் பேசக் கூடாது. அதான் ரூல்ஸ். இல்லன்னா யாரு வந்து உக்காருவா? இத்தனை வருஷத்துல ஒரு பேச்சு வெளிய போனதில்லம்மா."

நான் கத்திவிட்டேன். டீக்கடையில் இருந்தவர்கள் எல்லாம் திரும்பினார்கள். இருபது பேர் காது கொடுத்துக் கேட்டுவிட்டு மறுநாள் ஒன்றுமே நடக்காத மாதிரிப் பக்கத்தில் உட்கார்ந்து தைத்தால், அவள் வாய் எதற்கு என்றுதான் நினைப்பாள் என்று கத்தினேன். சொன்னதும் சொல்லாததும் ஒன்றுதான் என்று ஆகிவிட்டதே என்று கத்தினேன்.

மேரி அக்கா டம்ளரை வைத்தாள். "சும்மா கத்தாதீங்க. பெரிய நர்ஸம்மா. உங்க ஊர்ல பேஷன்ட்டு சொன்னத நீங்க வெளிய போய் சொல்லுவீங்களா?"

மாட்டேன். சொன்னால் என் வேலை போகும். சொல்லாமல் இருப்பதற்குத்தான் எனக்குச் சம்பளம். என் வகுப்பின் முதல் பாடமே அதுதான். ஒன்று மட்டும் சொன்னேன்: "சொல்ல மாட்டோம். ஆனா அவங்ககிட்டக் கேட்போம், சொல்லலாமான்னு."

"கேக்கறதும் பேசறதுதானே" என்றாள். சைரன் ஊதியது. முந்தானையில் முகத்தைத் துடைத்துக்கொண்டு உள்ளே போனாள்.

அன்றைய பகலை எப்படித் தள்ளினேன் என்று தெரியவில்லை. நடந்தேன், உட்கார்ந்தேன், நடந்தேன். சரோஜா போன் செய்து, நாளைக்குச் சாயங்காலத்துக்கு முருகேசன் சூடமும் எலுமிச்சையும் வாங்கி வந்துவிட்டார் என்றாள். அவளே அழுதாள். கடையில் சூடம் பார்த்தாலே எனக்கு நாக்கு எரிந்தது.

சாயங்காலம் டோல்கேட் தாண்டியது. குமார் பாட்டை நிறுத்தினான். யாரும் எழுந்து போகவில்லை. எஞ்சின் பெட்டி காலியாகவே இருந்தது. கொஞ்ச தூரம் போயிற்று. மேரி அக்கா உட்கார்ந்த இடத்திலிருந்தே, ஜெபம் செய்கிற மாதிரிக் கண்ணை மூடிக்கொண்டு, "பவி" என்றாள். "அன்னிக்கு நீ சொன்னத நான் கேட்டேன்."

பின்னாலிருந்து ஒருத்தி, "நானும் கேட்டேன் பவி" என்றாள். இன்னொருத்தி. இன்னொருத்தி. கலா, "எனக்கும் அந்த ரூம் தெரியும்டி" என்று சொல்லிவிட்டு வாயைப் பொத்திக்கொண்டாள். கடைசியில் குமார், திரும்பிப் பார்க்காமல், "நானும்தாம்மா" என்றான்.

"வெளிய சொல்லட்டுமா?" என்று மேரி அக்கா கேட்டாள்.

பவித்ரா ஜன்னலில் நெற்றியை முட்டிக்கொண்டு இருந்தாள். அவள் ஊர் வரும் வரைக்கும் அப்படியே இருந்தாள். எனக்கு நாக்கு துறுதுறுத்தது. தொடையைக் கிள்ளிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். இறங்கும்போது அவள் மேரி அக்காவின் பக்கம் திரும்பி, ஒரே ஒரு தடவை தலையாட்டினாள்.

வெள்ளிக்கிழமை காலை வேன் கம்பெனி வாசலில் நின்றது. யாரும் இறங்கவில்லை. செக்யூரிட்டி வந்து ஜன்னலைத் தட்டினார், "இன்னா, வண்டில தூங்கிட்டீங்களா?" என்றார். பின்னால் வந்த வேன்காரர்கள் ஹாரன் அடித்தார்கள். சைரன் ஊதி முடிந்தது. உள்ளே தையல் லைன் ஓடவில்லை என்றதும் பர்சனல் மேனேஜரே நடந்து வந்தார். இஸ்திரி கலையாத சட்டை. "இன்னா பேஜார் இது? யாருனா ஒருத்தர் எறங்கி ஆபீஸுக்கு வாங்க, பேசிக்கலாம்."

"ஒருத்தர் வர மாட்டோம் சார். நீங்க ஏறுங்க" என்றாள் மேரி அக்கா.

ஏறினார். உட்கார இடம் அந்த எஞ்சின் பெட்டி ஒன்றுதான். எங்களைப் பார்த்து உட்கார்ந்தார். சூடு பட்டு நெளிந்தார். மேரி அக்கா சூப்பர்வைசர் பெயரைச் சொன்னாள். சாம்பிள் ரூம் என்றாள். கலா தன் கதையைச் சொன்னாள். மேனேஜர் பவித்ராவைக் காட்டி, "சம்பந்தப்பட்ட பொண்ணு வாயத் தொறக்கல, நீங்க எல்லாம் பேசுறீங்க. நான் எப்டி எடுத்துக்கறது?" என்றார்.

அதற்கு மேல் என்னால் முடியவில்லை. எழுந்து நின்றேன். நான் மனநல நர்ஸ், இதற்குப் பெயர் இருக்கிறது, இது நூற்றைம்பது வருஷமாக டாக்டர்கள் பார்த்துவரும் விஷயம், இந்தப் பெண்ணின் தொண்டையில் கோளாறு இல்லை, இவள் மனதில் என்ன நடந்திருக்கிறது என்றால் என்று ஆரம்பித்தேன். பாரிஸ், வியன்னா எல்லாம் வாய்க்கு வந்துவிட்டது. மேனேஜர் மரியாதையாகத் தலையாட்டினார். நோய், மனம், டாக்டர் என்ற வார்த்தைகள் அவருக்கு வசதியாக இருந்தன. அது எனக்குத் தெரிந்தும் நிறுத்த முடியவில்லை.

பக்கத்தில் இருமல் கேட்டது. கணீரென்ற இருமல். இன்னொன்று. பிறகு, துருப்பிடித்த கேட்டைத் தள்ளுகிற மாதிரி ஒரு குரல்.

"பெரியம்மா. நீங்க கம்முனு இருங்க."

உட்கார்ந்தேன்.

அவள் பேசினாள். நடுநடுவே குரல் உடைந்து காற்றாகப் போயிற்று. இருமி எடுத்துக்கொண்டு தொடர்ந்தாள். என்றைக்கு, எந்த ஷிப்டில், எந்தக் கதவு, யார் வெளியே நின்றது, எல்லாம். மேனேஜர் இரண்டு முறை எழுந்திருக்கப் பார்த்தார். "உக்காருங்க சார், நான் இன்னும் முடிக்கல" என்றாள். அவர் அந்தச் சூட்டின் மேலேயே உட்கார்ந்திருந்தார். வெயில் ஏறிவிட்டது. கடைசியில் அவள் நிறுத்தினாள். குமார் பழக்கத்தில் பாட்டுப் பொத்தானுக்குக் கையைக் கொண்டுபோய், அப்படியே வைத்துக்கொண்டு காத்திருந்தான்.

'அவ்ளோதான்' என்று அவள் சொல்லவில்லை.